தெற்குத் தெருவில் திரும்பாதவர்கள்

திருவனந்தபுரத்தில் நான் செய்த வேலைகளில் உடம்பு நோகாத வேலை ஒன்றுதான். சாயங்காலம் கோட்டைக்குள் பழைய தெருக்களைச் சுற்றிப் பார்க்க வருகிறவர்களுக்குப் பின்னால், கழுத்தில் ஒரு ஸ்பீக்கர் பெட்டியை மாட்டிக்கொண்டு நடப்பது. முன்னால் ஒரு பெண் போவார். சரித்திரம் படித்தவர். அவர் காலரில் ஒரு சின்ன மைக் குத்தியிருக்கும். அவர் அங்கே பேசுவது, நடுவில் கம்பி ஏதும் இல்லாமல், இங்கே என் நெஞ்சிலிருந்து வரும். பின்தங்கி வருகிறவர்களுக்கும் கேட்க வேண்டும் என்று செய்த ஏற்பாடு அது. ஒரு பெண்ணின் குரல், அதுவும் இங்கிலீஷில், என் மார்பிலிருந்து புறப்படும்போது தெருவில் போகிறவர்கள் திரும்பிப் பார்ப்பார்கள். முதலில் கூச்சமாக இருந்தது. பிறகு பழகிவிட்டது.

எனக்குச் சொந்த ஊர் வள்ளியூர்ப் பக்கம். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றது. அதன்பின் எந்த ஊரிலும் நிலைத்து நின்றதில்லை. பரோட்டாக் கடை, லாரி கிளீனர், கல்யாண மண்டபத்தில் பாத்திரம் என்று போய், பொன்முடிக்குப் போகிற வழியில் விதுராவில் ஒரு ஹோட்டலில் தோசைக்கல் முன்னால் நின்றேன். மழை ஓயாத ஊர். கால் விரலிடுக்கெல்லாம் வெந்து போய் நடக்க முடியாமல் கீழே இறங்கி வந்தேன். வந்த இடத்தில் கட்டிட வேலை. சாரத்திலிருந்து விழுந்ததில் வலது கை தோளுக்கு மேலே எழும்பாமல் போயிற்று. கை தூக்க முடியாதவனுக்கு என்ன வேலை இருக்கிறது என்று தேடியபோது கிடைத்ததுதான் இந்தப் பெட்டி. கரமனை ஆற்றுக்குப் பக்கத்தில் ஐந்தாறு பேராக ஒரு அறையில் இருந்தோம். மத்தியானம் வரை படுத்திருந்துவிட்டு, நாலு மணி வாக்கில் பஸ் ஏறி கிழக்குக் கோட்டைக்கு வருவேன்.

எனக்கு வேலை எளிது. நான்தான் கடைசி ஆள். எனக்குப் பின்னால் யாரும் இருக்கக் கூடாது. யாராவது ஒரு வீட்டு வாசலில் படம் எடுத்துக்கொண்டு நின்றுவிட்டால் நானும் நிற்க வேண்டும். அவர் நகர்ந்த பிறகுதான் நான் நகரலாம். ஒரு தெரு நீளத்துக்கு மேல் விலகினால் பெட்டி கொரகொரக்கும், பிறகு செத்துவிடும். ஆகையால் கூட்டத்தை இழுத்துச் சேர்த்து வைத்துக்கொள்ள வேண்டும். வந்தவர்களோடு பேச்சுக் கொடுக்கக் கூடாது. பேசவும் முடியாது, என் நெஞ்சுதான் ஓயாமல் பேசிக்கொண்டிருக்கிறதே.

அந்தப் பெண்ணை நான் மேடம் என்பேன். அவர் என்னை அண்ணாச்சி என்பார். இந்த ஊரில் தமிழ் பேசும் ஆண்பிள்ளை யாராக இருந்தாலும் அண்ணாச்சிதான், மீசை முளைக்காதவனாக இருந்தாலும். தினமும் அதே தெரு, அதே பேச்சு. அவர் எந்த இடத்தில் மூச்சு வாங்குவார், எந்த இடத்தில் சிரிப்பு வரவழைப்பார் என்பது வரை எனக்கு மனப்பாடம். ராஜா பெயர்களும் இங்கிலீஷ் வார்த்தைகளும் வரிசையாக வாயில் வரும். அர்த்தம் பாதி தெரியும். மீதியை யாரிடமும் கேட்டதில்லை.

நடக்கிற வழியிலும் ஒரு கணக்கு வைத்திருந்தார். பழவங்காடிப் பிள்ளையார் கோயிலருகே ஆட்களைச் சேர்த்துக்கொண்டு, கிழக்குக் கோட்டை வாசலுக்குள் நுழைந்ததும், எதிரே தெரியும் பத்மநாபசுவாமி கோயிலுக்கு நேரே போகமாட்டார். இடது பக்கம் திரும்பித் தெற்குத் தெரு, அப்படியே மேற்கு நடை என்கிற மேற்கு வாசல், வடக்குத் தெரு என்று சுற்றி, இருட்டுகிற நேரத்துக்குக் கிழக்கு நடைக்குத் திரும்பி வருவார். அப்போது கோபுரத்தின் விளக்கெல்லாம் தெப்பக்குளத்தில் விழும். வந்தவர்கள் அந்த இடத்தில்தான் வாய் திறந்து நிற்பார்கள். அங்கேயே எங்கள் சுற்று முடியும். கோயிலுக்குள் போவது கிடையாது. உள்ளே போக வேட்டி கட்ட வேண்டும், சட்டை கழற்ற வேண்டும், போன் கொண்டு போகக் கூடாது. எங்கள் கூட்டத்துக்கு அதெல்லாம் ஒத்துவராது.

நான் சொல்லப் போகிற சாயங்காலம் மார்கழியில். ஐயப்ப சாமிகள் ஊரெல்லாம் நிறைந்திருந்த நேரம். பழவங்காடியில் தேங்காய் உடைக்கிற சத்தத்தில் மேடம் பேசியது என் நெஞ்சிலிருந்து வந்தாலும் எனக்கே கேட்கவில்லை. ஆட்கள் கூட்டத்தில் கலந்துவிடாமல் இருக்க அவர் மஞ்சள் துணி கட்டிய ஒரு கம்பை உயர்த்திப் பிடித்தார். கழுத்தில் அடையாள அட்டை. அன்றைக்கு வந்தவர்களில் ஒரு வெளிநாட்டுப் புருஷன் பெண்சாதியும் உண்டு. தங்கள் ஊரிலும் இதுபோல் பழைய கோட்டைச் சுவர் இருக்கிறது, அங்கேயும் சாயங்காலம் இப்படித்தான் கூட்டிப் போவார்கள் என்று மேடத்திடம் சொல்லிக்கொண்டு வந்தார்கள்.

கோட்டை வாசலைத் தாண்டும்போது எனக்குப் பக்கத்தில் புதிதாக இரண்டு பேர் நடப்பதைக் கண்டேன். ஐம்பது வயதை ஒட்டிய ஒரு அம்மாள், கையில் ஒரு பிளாஸ்டிக் பை. கூடவே உயரமான ஒரு ஆள், கழுத்தில் துண்டைச் சுற்றிச் சுற்றிக் கட்டியிருந்தார். தாமதமாக வந்து சேர்ந்துகொள்கிறவர்கள் எப்போதும் உண்டு. அவர்களை நடுவழியில் நிறுத்தி விசாரிக்கக் கூடாது, முடிவில் தான் பார்த்துக்கொள்வதாக மேடம் சொல்லியிருந்தார். ஆகையால் நான் ஒன்றும் கேட்கவில்லை. இடது பக்கம் திரும்பியதும் அந்த அம்மாள் செருப்பைக் கழற்றிப் பையில் போட்டாள். அவரிடமும் கழற்றச் சொல்லி வாங்கிப் போட்டாள். கோயில் பக்கம் வந்தால் அப்படிச் செய்கிறவர்கள் இருக்கிறார்கள் என்று அதையும் விட்டுவிட்டேன்.

தெற்குத் தெருவில் அக்ரகாரத்து வீடுகள் ஒன்றின் சுவரில் ஒன்று சாய்ந்து வரிசையாக நிற்கும். மேடம் ஒரு வீட்டின் மரத் தூணைக் காட்டிப் பேசிக்கொண்டிருந்தார். அந்த வீட்டுக்காரர் ஸ்கூட்டரை உள்ளே ஏற்ற வந்து, "சித்த நகந்துக்கோங்கோ, தெனமும் இதே தூணைத்தானே பாக்கறேள்" என்று சொன்னார். கூட்டம் ஒதுங்கி வழிவிட்டது. அப்போதுதான் அந்த அம்மாள் என் பக்கம் திரும்பினாள்.

"தம்பி, வரிசை எங்கனயிருந்து தொடங்குது? நட சாத்துததுக்குள்ள போயிரலாமா?"

என் நெஞ்சு இங்கிலீஷில் மரத் தூணைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தது. அதற்கு மேலே குரலை உயர்த்தி, இது வரிசை இல்லை அக்கா, ஊரைச் சுற்றிக் காட்டுகிறது என்றேன். அவள் சிரித்தாள். சுற்றி வந்துதானே உள்ளே போக வேண்டும், அது தெரியாதா எனக்கு என்கிற சிரிப்பு. இவர்கள் உள்ளே போகவே மாட்டார்கள் என்று மறுபடி சொன்னேன். சிரிப்பு அப்படியே நின்றது. அவள் முன்னால் போகும் மஞ்சள் துணியைப் பார்த்தாள், அதன் பின்னால் போகிறவர்களின் காலைப் பார்த்தாள். எல்லாரும் செருப்பும் ஷூவும் போட்டிருந்தார்கள்.

அவர்களுக்குச் சங்கரன்கோயில். அவள் சொன்னதையெல்லாம் இங்கே சுருக்கித்தான் சொல்ல முடியும். புருஷனுக்குத் தொண்டையில் கட்டி. பல நாளாக இங்கே ஆஸ்பத்திரிக்குப் பக்கத்து லாட்ஜில் தங்கி, படுக்கை காலியாகக் காத்திருந்தார்கள். அன்று மத்தியானம்தான் போன் வந்திருக்கிறது. விடிந்ததும் போய்ச் சேர வேண்டும், அதற்கு மறுநாள் ஆபரேஷன். குரல்வளையை எடுத்துவிடுவார்கள். பிறகு பேச்சு கிடையாது. லாட்ஜில் பக்கத்து அறைக்காரி, ஆபரேஷனுக்குப் போகிறவர்கள் முந்தின நாள் பத்மநாபசுவாமியைப் பார்த்துவிட்டுத்தான் போவார்கள் என்று சொல்லியிருக்கிறாள். கோயில் பக்கமே ஒதுங்காத மனுஷன், அதைக் கேட்டதும் போகலாம் என்று கிளம்பிவிட்டாராம்.

"கும்பிடுதத நான் வீட்டுலயே கும்பிட்டுருவேன்" என்றார் அவர். சிமெண்டுத் தரையில் சாக்கை இழுப்பதுபோல் ஒரு குரல். காதைக் கிட்டே கொண்டுபோனால்தான் கேட்டது. "வாயால ஒண்ணு கேக்கணும். நாளைக்கழிச்சு கையையா காட்டிக்கிட்டு நிக்க முடியும்?"

பழவங்காடியில் பஸ்ஸை விட்டு இறங்கியபோது எந்தப் பக்கம் போவது என்று அவர்களுக்குத் தெரியவில்லை. கழுத்தில் அட்டை போட்ட ஒரு பெண் கொடியைத் தூக்கிக்கொண்டு போகிறாள், பின்னால் ஒரு கூட்டம் போகிறது. ஆஸ்பத்திரியில் இப்படித்தான், பாஷை தெரியாவிட்டாலும் கழுத்தில் அட்டை போட்டவர்கள் பின்னால் போனால் ஸ்கேனுக்கோ ரத்தத்துக்கோ கொண்டுபோய் விட்டுவிடுவார்கள். அது பழகிப்போய் இங்கேயும் பின்னால் சேர்ந்துகொண்டார்கள். கோயிலை வலது பக்கம் வைத்துக் கூட்டம் திரும்பியதும், வெளிப் பிரகாரம் சுற்றி அழைத்துப் போகிறார்கள் என்று நினைத்துச் செருப்பைக் கழற்றியிருக்கிறாள். நான் அவர்கள் இடத்தில் இருந்திருந்தால் நானும் அப்படித்தான் நினைத்திருப்பேன்.

நாங்கள் நின்ற இடத்திலிருந்து திரும்பி நடந்தால் கிழக்கு நடை பக்கம்தான். இப்படியே திரும்பிப் போங்கள், நடை சாத்துவதற்குள் எட்டிவிடலாம் என்று கையைக் காட்டினேன். அவர் உடனே திரும்பினார். அவள் நகரவில்லை.

"வலம் தொடங்கியாச்சு தம்பி. பாதியில திரும்பக் கூடாது."

தெரியாமல் தொடங்கியதுதானே அக்கா என்றேன். தெரியாமல் தொடங்கினாலும் தொடங்கினது தொடங்கினதுதான், நாளைக்கழிச்சுக் கத்தி வைக்கப் போகிற கழுத்தோடு சாமியை எதிர்ச்சுற்றாக நடந்தால் அது என்னத்துக்கு ஆகும் என்றாள். அவள் கோபமாகச் சொல்லவில்லை. ஆட்டோ பிடித்தால் ஒரு நிமிஷத்தில் சுற்றிவிடலாம் என்றேன். வலத்தை வண்டியில் போவதா என்றாள். அவர் திரும்பின நிலையிலேயே அவளைப் பார்த்தார். பிறகு தலையை ஆட்டிவிட்டு, அவள் பக்கமே திரும்பிவிட்டார். புருஷன் பெண்சாதிக்குள் ஏதோ முடிவாகிவிட்டது. மேற்கையும் வடக்கையும் சுற்றிக்கொண்டு போக வேண்டும். வழி தெரியாதவர்கள். குறுக்குச் சந்துகளில் புகுந்தால் தொலைந்து போவார்கள். நானே கூட்டிக்கொண்டு போகிறேன் என்றேன்.

கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் போனோம். மேடம் பேசிக்கொண்டே என்னைப் பார்த்தார். கடைசி ஆள் முதல் ஆளைத் தாண்டிப் போவதை அவர் அதுவரை பார்த்ததில்லை.

"அண்ணாச்சி, எவிடெ போணு?"

மைக் காலரில் இருந்ததால் அந்தக் கேள்வியும் என் நெஞ்சிலிருந்தே வந்தது. எங்கே போகிறாய் என்று என் பெட்டி என்னைக் கேட்க, வந்தவர்கள் சிரித்தார்கள். அவசரம் மேடம், ஆஸ்பத்திரிக் கேஸ், கிழக்கு நடையில் நிற்கிறேன் என்று சொல்லிவிட்டு நடந்தேன். பெட்டியைக் கழற்றி அவரிடம் கொடுத்திருக்கலாம். ஆனால் அந்த வாரை ஒற்றைக் கையால் கழற்றுவது எனக்கு எப்போதுமே பெரிய பாடு. நிற்க நேரமும் இல்லை.

தெரு முனை திரும்பும்வரை அவர் குரல் எங்கள் கூடவே வந்தது. கோட்டையை யார் கட்டினார்கள், எந்த ராஜா எதற்காகத் தன் ராஜ்யத்தையே சாமிக்கு எழுதிவைத்தார் என்று சொல்லிக்கொண்டே வந்து, மேற்கு நடையை நெருங்கும்போது கொரகொரத்து நின்றுபோயிற்று. தெரு சட்டென்று அமைதியானது. வெறுங்கால்கள் தார் ரோட்டில் படுகிற சத்தமும், அவர் மூச்சின் சத்தமும் மட்டும் கேட்டது. மூச்சு ஒரு ஓட்டை வழியாக வருவதுபோல் விசிலடித்தது. வேகமாக நடக்கச் சொல்ல முடியாது. இருபது எட்டு வைத்தால் எங்காவது சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்பார். அவள் முதுகைத் தடவுவாள். மேற்கே வானம் சிவந்து அடங்கிக்கொண்டிருந்தது.

ஒருமுறை அப்படி நின்றபோது என் பெட்டியைத் தட்டிப் பார்த்தார்.

"நல்ல பெட்டிவே. ஓயாம பேசுது. டாக்டர்ட்டச் சொல்லி எனக்கும் இப்படி ஒண்ணு மாட்டச் சொல்லணும்."

"பொம்பள குரல்லா வரும் அண்ணாச்சி" என்றேன்.

"வரட்டும். இவ சந்தோசப்படுவா. வீட்டுல ரெண்டு பொம்பள ஆச்சு."

அவள் வேறு பக்கம் பார்த்தாள். பேசாமல் நடங்கள் என்றாள். பேசவிடு, நாளைக்கு மேலே நீதான் பேசப் போகிறாய் என்றார்.

ஊரில் என்ன வேலை என்று கேட்டேன். பூ மார்க்கெட்டில் ஏலம் விடுகிறவராம். விடியற்காலையில் கூடை கூடையாகப் பிச்சியும் மல்லியும் வந்து இறங்கும். இவர் ஸ்டூல் மேல் ஏறி நின்று கூவ வேண்டும். மைக் கிடையாது. கல்யாண சீசனில் விடிந்தது முதல் உச்சி வரை ஒரே கூவல்தான். நின்று நின்று, வார்த்தை வார்த்தையாகச் சொன்னார். கூடைக்காரன் முகத்தைப் பார்த்துக்கொண்டே விலையை ஏற்ற வேண்டுமாம். விலை பத்தாது என்று தெரிந்தால் மூன்றாவது தரத்தைச் சொல்லாமல் இழுப்பாராம்.

"மூணாந்தரம் சொல்லுத வரைக்கும் பூ கொண்டாந்தவனுக்குத்தான் சொந்தம். கூடைய எடுத்துக்கிட்டுப் போயிரலாம். சொல்லிட்டா சாமியே வந்தாலும் திருப்ப முடியாது."

ஊரில் எத்தனையோ பேர் மூணாந்தரத்தை அவசரப்பட்டுச் சொல்லிவிடுவார்கள், இவர் அப்படிச் சொன்னதே கிடையாது, அதனால் வியாபாரிகள் இவரைத் திட்டுவார்கள், பூ கொண்டுவரும் சம்சாரிகளுக்கு இவரைத்தான் பிடிக்கும் என்றாள் அவள். அவள் வாயில் அன்று வந்த ஒரே பெருமைப் பேச்சு அதுதான்.

வடக்குத் தெருவில் தெருவிளக்குகள் எரிய ஆரம்பித்திருந்தன. ஐயப்ப சாமிகள் கூட்டம் கூட்டமாக எதிரே வந்தார்கள். நெற்றியில் சந்தனத்தோடு, கும்பிட்டு முடித்துத் திரும்புகிறவர்கள். அவர்களைப் பார்த்து அவள் நடையை எட்டிப் போட்டாள். அவரால் முடியவில்லை. நான் இடது கையை அவர் கக்கத்தில் கொடுத்துத் தாங்கினேன். என் இரண்டு கைகளில் அன்று உதவிய கை அது ஒன்றுதான். அவர் உடம்பு உயரத்துக்குத் தக்க கனம் இல்லாமல் இருந்தது.

கிழக்கு நடைக்கு வந்து சேர்ந்தோம். வலம் முடிந்தது. அவள் கோபுரத்தைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டுவிட்டு, பையிலிருந்து ஒரு வேட்டியை எடுத்தாள். ஒட்டியிருந்த கடைச் சீட்டைக் கிழித்தாள். அவர் ஓரமாக நின்று பேண்டுக்கு மேலேயே வேட்டியைச் சுற்றி, பேண்டை உருவினார். சட்டையைக் கழற்றினார். கடைசியாகக் கழுத்துத் துண்டையும் அவிழ்த்தார். அங்கே ஒரு வெள்ளைப் பிளாஸ்திரி. அதைச் சுற்றித் தோல் கருத்திருந்தது. மார்கழிக் காற்றுக்கு மார்பெல்லாம் புல்லரித்து நின்றார். நான் அவர்கள் பையையும் போனையும் வாங்கிக்கொண்டேன். பொருள் வைக்கிற இடத்தில் நிற்கிற நேரமாவது மிச்சமாகட்டும் என்று.

வரிசையின் கடைசியில் ஒரு கயிறு கட்டியிருந்தார்கள். கயிற்றைப் பிடித்து ஒருவர் நின்றார். நாங்கள் வருவதற்குக் கொஞ்சம் முன்னால்தான் கட்டியிருக்க வேண்டும். கயிற்றுக்கு உள்ளே கடைசியாக நின்ற ஐயப்ப சாமி இன்னும் இடுப்பு வேட்டியைச் சரிசெய்துகொண்டிருந்தார்.

"கழிஞ்ஞு. இனி நாளெ ராவிலெ" என்றார் கயிற்றுக்காரர். முடிந்துவிட்டது, இனி நாளைக் காலையில்தான்.

எனக்குத் தெரிந்த மலையாளத்தில் சொன்னேன். நாளைக் காலையில் இவர் ஆஸ்பத்திரிப் படுக்கையில் இருப்பார், மறுநாள் குரல் போய்விடும், இரண்டே பேர்தான் என்று. அவர் கேட்டார். பிளாஸ்திரியையும் பார்த்தார். முகத்தைக் கடுகடுப்பாக வைத்துக்கொள்ளவில்லை. கயிற்றுக்கு வெளியே எங்களுக்கு முன்னாலேயே வந்து நின்றவர்களைக் காட்டினார். ஒரு பெண் கைக்குழந்தையோடு நின்றாள், அதன் தலையில் கட்டு. சக்கர நாற்காலியில் ஒருவர். ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு காரியம் இருக்கிறது அண்ணாச்சி, நான் யாரை விட்டு யாரை விடுவது, உள்ளே நிற்கிறவர்களுக்கே நடை சாத்துவதற்குள் கிடைக்குமோ என்னவோ என்றார். அவர் சொன்னதில் தப்பு ஒன்றும் இல்லை. தப்பு இருந்திருந்தால் சண்டை போட்டிருப்பேன். எனக்கு அது ஒன்றாவது வரும்.

நான் தமிழில் சொல்வதற்கு முன்னாலேயே அவளுக்குப் புரிந்துவிட்டது. அப்படியே படியோரம் உட்கார்ந்தாள்.

"அங்கனயே திரும்பியிருந்தா கெடச்சிருக்கும்."

அவள் யாரிடமும் சொல்லவில்லை. தெற்குத் தெருவைப் பார்த்துச் சொன்னாள். நான் அவர்களுடைய செருப்புப் பையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவர் குனிந்து அவள் தோளைத் தொட்டார்.

"வலம் முடிஞ்சுல்லா. அதுக்கென்ன இப்ப" என்றார்.

அவள் அழவில்லை. அழுதிருந்தால் நான் ஏதாவது சொல்லியிருப்பேன். முந்தானையால் உள்ளங்காலில் ஒட்டியிருந்த மண்ணைத் துடைத்துக்கொண்டே இருந்தாள். துடைத்த காலையே திரும்பவும் துடைத்தாள்.

அப்போது என் நெஞ்சு கொரகொரத்தது. ஒரு வார்த்தை வந்தது. நின்றது. பிறகு இன்னொரு வார்த்தை. வடக்குத் தெரு முனையில் மஞ்சள் துணி தெரிந்தது. கூட்டம் வந்துகொண்டிருந்தது. இவ்வளவு நேரமும் மேடம் பெட்டி இல்லாமல் வெறும் குரலில் கத்திக் கத்திப் பேசியிருக்கிறார், தொண்டை கம்மிப் போயிருந்தது. என்னைக் கண்டதும் கையை மட்டும் உயர்த்திக் காட்டினார், பேச்சை நிறுத்தவில்லை. குளத்தோரம் கூட்டத்தை நிறுத்திவைத்து, வழக்கமாக அந்த இடத்தில் சொல்வதைச் சொல்ல ஆரம்பித்தார். கோயிலுக்குள் போகாதவர்களுக்கு உள்ளே என்ன இருக்கிறது என்று சொல்கிற இடம் அது. கூட்டம் குளத்தில் விழுந்த விளக்கைப் படம் எடுத்துக்கொண்டிருந்தது. பெட்டியிலிருந்து குரல் இப்போது தெளிவாக வந்தது.

அவள் தலை நிமிர்ந்தாள். "அது என்ன சொல்லுது தம்பி?"

எனக்கு அந்த இடம் மனப்பாடம். அர்த்தம் முழுதும் தெரியுமா என்றால் தெரியாது. தெரிந்ததைச் சொன்னேன். சாமி படுத்திருக்கிறார் அக்கா, பாம்பு மேலே. ரொம்பப் பெரிய உருவம். ஒரு வாசல் வழியாகப் பார்த்தால் முழுசாகத் தெரியாது. அதனால் பக்கத்தில் பக்கத்தில் மூன்று வாசல் வைத்திருக்கிறார்கள். ஒவ்வொரு வாசலாகப் பார்த்துக்கொண்டே போக வேண்டும்.

அவள் எழுந்து நின்றாள். அவர் ஏற்கெனவே கோபுரத்தைப் பார்த்துத்தான் நின்றிருந்தார். இரண்டு பேரும் கையைக் கூப்பினார்கள். அவர்கள் பார்த்த பக்கம் கயிறு இருந்தது, அதற்கு அப்பால் முதுகுகள், அதற்கும் அப்பால் வாசலின் வெளிச்சம். நான் பக்கத்தில் நின்று, மேடம் ஒன்று சொல்ல, நான் ஒன்று சொன்னேன். நடுவில் சில வார்த்தைகளை விட்டுவிட்டேன். அவை என்னவென்று எனக்குத் தெரியாது.

"முதல் வாசல்ல முகம்" என்றேன்.

அவர் உதடு அசைந்தது. தொண்டைக்குள் அந்தச் சாக்கு இழுபட்டது. என் பெட்டியின் சத்தத்துக்கு மேலே, முடிந்தவரை உரக்க, மார்க்கெட்டில் கூவுகிற ராகத்திலேயே சொன்னார்.

"ஒரு தரம்."

கயிற்றுக்காரர் திரும்பிப் பார்த்தார். அவள் கண்ணைத் திறக்கவில்லை.

"ரெண்டாவது வாசல்ல தொப்புள். அதுலயிருந்து ஒரு தாமரை வருது."

"ரெண்டு தரம்."

இந்த முறை பாதிதான் சத்தம், மீதி காற்று. கழுத்தில் பிளாஸ்திரி ஏறி இறங்கியது. நான் பெட்டியின் சத்தத்தை நன்றாகக் குறைத்தேன். குளத்தோரத்தில் யாரோ, கேட்கவில்லை என்று இங்கிலீஷில் சொன்னார்கள். மேடம் என் பக்கம் திரும்பினார்.

"மூணாவது வாசல்ல பாதம்" என்றேன்.

அவர் வாயைத் திறந்தார். நான் காத்திருந்தேன். அவளும் காத்திருந்தாள், கூப்பிய விரல்கள் வெளுத்துப் போகும்படி இறுக்கிக்கொண்டு. உள்ளே எங்கோ மணி அடித்தார்கள். வரிசை நகர்ந்தது. கயிற்றை இழுத்து இன்னும் கொஞ்சம் முன்னால் கட்டினார்கள். அவர் வாயை மூடிக்கொண்டார். எச்சில் விழுங்கினார். அது வலித்திருக்க வேண்டும், கண் சுருங்கியது. கீழே குனிந்து துண்டை எடுத்து உதறி, கழுத்தில் ஒரு சுற்று, இரண்டு சுற்று சுற்றிக்கொண்டார்.

சட்டையை நான் நீட்டினேன். போட்டுக்கொண்டார். அவள் என் கையிலிருந்த பையை வாங்கி நான்கு செருப்புகளையும் எடுத்துக் கீழே போட்டாள், அவருடையதைக் காலுக்கு நேராகத் திருப்பி வைத்தாள். ஆஸ்பத்திரிப் பக்கம் போகும் பஸ் எங்கே நிற்கும் என்று கேட்டாள். பழவங்காடிக்குப் போய் ரோட்டைத் தாண்டி நிற்கச் சொன்னேன். கூடவே போய் ஏற்றிவிட்டிருப்பேன். ஆனால் அதற்குள் மேடம் கிட்டே வந்துவிட்டார். கோபமாக இருந்தார், முகத்தைப் பார்த்தால் தெரிந்தது. அவர்களை ஒருமுறை பார்த்துவிட்டு, என்னிடம் பெட்டியைத் தொட்டுக் காட்டி, "கூட்டு, கேக்கணில்ல" என்று மட்டும் சொன்னார். நான் சத்தத்தைக் கூட்டினேன்.

அவர் போகும்போது ஒன்றும் சொல்லவில்லை. சொல்லவேண்டியதைச் சேர்த்து வைத்துக்கொள்கிறவர் போல இருந்தார். என் பெட்டியை இரண்டு விரலால் ஒரு தட்டுத் தட்டிவிட்டுப் போனார்.

மேடம் கூட்டத்தைத் திருப்பி, குளத்துக்கு எதிரே உயரத்தில் இருக்கும் பழைய கடிகாரத்தைக் காட்டினார். மணி அடிக்கும்போது இரண்டு ஆடுகள் வந்து ஒரு தாடிக்காரனின் கன்னத்தில் முட்டும். எல்லாரும் போனைத் தூக்கிப் பிடித்துக் காத்திருந்தார்கள். நான் கூட்டத்தின் கடைசியில், என் இடத்தில் போய் நின்றேன். பழக்கதோஷத்தில் ஒருமுறை திரும்பிப் பார்த்தேன். எனக்குப் பின்னால் யாரும் இல்லை.